மடைத் தகராறு, ஆறு பேருக்கு ஆயுள் தண்டனை: தம்பிக்காக மேல்முறையீடு செய்ய வேண்டும்

கேள்வி: திருவாரூர் மாவட்டத்தில் கடைமடைக் கிராமம் எங்களுடையது. 2022 குறுவையின்போது முறைத் தண்ணீர் விடுவதில் வந்த தகராறில் ஒருவர் அடிபட்டு இறந்துபோனார். ஒன்பது பேர் மீது வழக்கு நடந்தது. மூவரை விடுவித்து, என் தம்பி உட்பட ஆறு பேருக்கு ஆயுள் தண்டனை விதித்து மூன்று வாரம் ஆகிறது. மண்வெட்டியால் தலையில் வெட்டியது முதல் எதிரி, அதாவது வழக்கில் முதலாவதாகக் குற்றம் சாட்டப்பட்டவர் என்றுதான் எல்லாச் சாட்சிகளும் சொன்னார்கள். ஏழாவது எதிரியான தம்பி கம்போடு நின்றான் என்கிறார் ஒருவர். காலில் அடித்தான் என்கிறார் இன்னொருவர். ஆறு பேருக்கும் ஒரே வக்கீலை வைத்து மதுரையில் அப்பீல் போடலாம் என்கிறார்கள். அப்பீல் போட்டால் தண்டனை கூடிவிடும் என்றும் சிலர் பயமுறுத்துகிறார்கள். எங்களிடம் பணமும் இல்லை. என்ன செய்வது?

பதில்: சகோதரி, முதலில் நாள் கணக்கைப் பார்த்துவிடுவோம். அமர்வு நீதிமன்றம் விதித்த ஆயுள் தண்டனையை எதிர்த்து உயர் நீதிமன்றத்தில் மேல்முறையீடு செய்ய 60 நாள் அவகாசம் உண்டு. தீர்ப்பு நகல் பெறுவதற்கு ஆகும் நாட்கள் அதில் சேராது. தண்டனை பெற்றவருக்குத் தீர்ப்பு நகலை நீதிமன்றமே இலவசமாகத் தர வேண்டும். தஞ்சாவூர், திருச்சி மாவட்ட வழக்குகள் மதுரைக் கிளைக்குப் போகும் என்பதால் உங்கள் ஊரிலும் அப்படிச் சொல்லியிருக்கிறார்கள். ஆனால் திருவாரூர், நாகப்பட்டினம் மாவட்டங்கள் சென்னை முதன்மை அமர்வின் எல்லைக்குள் வருகின்றன. ஆகவே நீங்கள் போக வேண்டியது சென்னைக்கு. தண்டனை கூடிவிடும் என்ற பயம் வேண்டாம். தண்டனை பெற்றவர் தொடுத்த மேல்முறையீட்டில் தண்டனையைக் கூட்டுவதற்குச் சட்டம் இடம் தரவில்லை.

இனி வழக்கின் உள்ளே வருகிறேன். சம்பவம் 2022-இல் நடந்ததால் பழைய இந்திய தண்டனைச் சட்டம்தான் பொருந்தும். உங்கள் தம்பியைக் கொலைக் குற்றத்தோடு கட்டியிருப்பது, 302-ஆம் பிரிவோடு சேர்த்துப் படிக்கப்பட்ட 149-ஆம் பிரிவு. ஐந்து பேரோ அதற்கு மேலோ சட்டவிரோதமாகக் கூடி, அந்தக் கூட்டத்தின் பொது நோக்கத்தை நிறைவேற்றும்போது ஒருவர் செய்த குற்றத்துக்கு, அல்லது நடக்கக்கூடும் என்று மற்றவர்களும் அறிந்திருந்த குற்றத்துக்கு, அந்தக் கூட்டத்தில் இருந்த ஒவ்வொருவரும் பொறுப்பு என்கிறது அது. எனவே "என் தம்பி வெட்டவில்லை" என்பது மட்டும் அவரை விடுவிக்காது. இதைச் சொல்வது எனக்கு வருத்தமாக இருந்தாலும், மறைத்துவிட்டு நம்பிக்கை கொடுப்பது உங்களுக்குச் செய்யும் உதவியாகாது. கையால் யாரையும் தொடாதவருக்கும் இந்தப் பிரிவின்கீழ் தண்டனை வரலாம் என்பதை 1964-இல் மசால்தி வழக்கிலேயே உச்ச நீதிமன்றம் தெளிவாக்கிவிட்டது. ஆனால் அதே தீர்ப்பு, பலரைப் பலர் தாக்கியதாகச் சொல்லப்படும் வழக்கில், இரண்டு மூன்று சாட்சிகளாவது ஒரே மாதிரி சொன்னால்தான் ஓர் எதிரியைத் தண்டிப்பது பாதுகாப்பானது என்ற அளவுகோலையும் ஏற்றுக்கொண்டது. உங்கள் தம்பி விஷயத்தில் இரண்டு சாட்சிகளும் முரண்படுவதால், வாதத்தின் முதுகெலும்பு அங்கேதான் இருக்கிறது.

அடுத்து, பொது நோக்கம் எது என்ற கேள்வி. விடியற்காலையில் மடை திறக்கப் போகிறவன் மண்வெட்டியைத் தோளில் போட்டுக்கொண்டுதான் போவான். வரப்பில் நடக்கிறவன் கையில் கம்பு இருப்பது நம் பக்கத்தில் புதிதல்ல. நகரத்தில் வளர்ந்தவர்களுக்கு அதுவே ஆயுதத்தோடு திரண்ட கூட்டமாகத் தோன்றலாம். அன்று யாருக்கு முறை, எந்த நேரத்தில் அங்கே போனார்கள், வாய்த்தகராறு முதலில் நடந்ததா என்பவை சாட்சியத்தில் பதிவாகியிருந்தால், மடையைத் திறப்பதுதான் அவர்கள் நோக்கமாக இருந்தது, வெட்டு முதல் எதிரி தனியாகச் செய்தது என்று வாதிட இடமுண்டு. பொது நோக்கம் சம்பவ இடத்திலேயே நொடியில் உருவாகலாம் என்று அரசுத் தரப்பு பதில் சொல்லும் என்பதையும் மனத்தில் வையுங்கள்.

எண்ணிக்கையும் முக்கியம். பெயர் குறிப்பிட்ட ஒன்பது பேர் மட்டுமே கூடினார்கள் என்பதே வழக்கு என்றால், ஆறு பேரில் இருவர் மேல்முறையீட்டில் விடுதலையானாலே மிச்சம் நான்கு பேர்தான். அப்போது 149-ஆம் பிரிவு நிற்காது. 34-ஆம் பிரிவின் பொதுக் கருத்தை, அதாவது எல்லோரும் ஒரே எண்ணத்தோடு சேர்ந்து செய்தார்கள் என்பதை நிரூபிக்க வேண்டிவரும், அது இதைவிடக் கடினம். பிரேதப் பரிசோதனை அறிக்கையில் காலில் காயம் ஏதும் இல்லையென்றால், காலில் அடித்தான் என்ற சாட்சியத்துக்கு மருத்துவ ஆதரவு இல்லாமல் போகும். முதல் தகவல் அறிக்கையில் தம்பியின் பெயர் இருந்ததா, காவல்துறை விசாரணையில் சொல்லாததைச் சாட்சி கூண்டில் ஏறிப் புதிதாகச் சொன்னாரா என்பதையும் வக்கீல் வரி வரியாகப் பார்க்க வேண்டும். முதல் மேல்முறையீடு என்பதால் இரு நீதிபதிகள் அமர்வு சாட்சியம் முழுவதையும் மறுபடி எடைபோடும்.

இதனால்தான் ஆறு பேருக்கும் ஒரே வக்கீல் என்பதற்கு நான் உடன்பட மாட்டேன். வெட்டியது முதல் எதிரிதான் என்பதே தம்பியின் வலுவான வாதம்; முதல் எதிரிக்கும் சேர்த்து வக்காலத்து போட்டவரால் அதை வாய்திறந்து சொல்ல முடியாது. சொந்தபந்தம் கோபித்துக்கொண்டாலும் தனி வக்கீல் வையுங்கள். பணம் இல்லை என்பது தடையல்ல. காவலில் இருப்பவருக்கு வருமான வரம்பு பார்க்காமல் இலவசச் சட்ட உதவி தரவேண்டும் என்று 1987-ஆம் ஆண்டின் சட்டப்பணிகள் ஆணையங்கள் சட்டம் சொல்கிறது. மாவட்ட சட்டப்பணிகள் ஆணைக்குழுவில் விண்ணப்பியுங்கள், அல்லது 15100 என்ற எண்ணில் கேளுங்கள்.

மேல்முறையீட்டோடு சேர்த்துத் தண்டனையை நிறுத்திவைத்து ஜாமீன் கேட்கும் மனுவையும் போடச் சொல்லுங்கள். அரசுத் தரப்புக்கு எழுத்தில் ஆட்சேபிக்க வாய்ப்பு கொடுத்த பிறகே அது முடிவாகும். முதல் முறை தள்ளுபடியானாலும் காலம் கழித்து மீண்டும் கேட்கலாம்.

இன்னொன்றைக் கெஞ்சிக் கேட்கிறேன். சாட்சிகளின் வீட்டுக்கோ இறந்தவரின் வீட்டுக்கோ சமரசம் பேச யாரையும் அனுப்பாதீர்கள். பதிவான சாட்சியம் அதனால் மாறாது. புதிய வழக்குதான் வரும். ஒரே வாய்க்காலின் தண்ணீரைக் குடிக்கும் அந்த வீட்டிலும் ஓர் அக்காவோ தங்கையோ அழுதுகொண்டுதான் இருப்பார்.

அடுத்த முறை தம்பியை மனுப் போட்டுப் பார்க்கும்போது, சிறை அதிகாரி முன்னிலையில் வக்காலத்தில் கையெழுத்து வாங்குங்கள். சிறை வழியாக ஏற்கெனவே மேல்முறையீடு அனுப்பியிருக்கிறாரா என்றும் கேளுங்கள். அனுப்பியிருந்தால் அதன் விவரத்தைப் புது வக்கீலிடம் கொடுங்கள், இரண்டும் தனித்தனியாக ஓடக் கூடாது.