பழைய போக்கிமான் கேமில் சேவ் செய்ததை அழித்துவிட்டு முதலிலிருந்து ஆடலாமா? அழித்தவர்கள் யாராவது வருத்தப்பட்டீர்களா?

ஒரு முறை அழித்திருக்கிறேன். இரண்டாம் முறை அழிக்க உட்கார்ந்து, பட்டனில் விரலை வைத்துவிட்டு எழுந்து போய்விட்டேன். நீங்கள் சொல்லியிருப்பதும் நான் ஆடிய அதே போக்கிமான் ஃபயர்ரெட் கேசட், அதே கேம்பாய் அட்வான்ஸ் கையடக்கக் கருவி என்பதால் கொஞ்சம் நீளமாகவே எழுதுகிறேன். நூற்றுச் சொச்சம் மணி நேரம் ஆடிய சேவ் இருக்கிறது, அழித்தால்தான் முதலிலிருந்து ஆட முடியும், மனசு வரவில்லை என்கிறீர்கள். சரி.

முதலில் செய்முறை. அது ஒரு நிமிட வேலை. கேமைப் போட்டதும் சாரிசார்ட் என்ற நெருப்புப் போக்கிமான் நிற்கும் முகப்புத் திரை வரும் இல்லையா, அங்கே ஸ்டார்ட் அழுத்தாமல், மேல் அம்பு, செலக்ட், பி மூன்றையும் ஒன்றாக அழுத்திப் பிடியுங்கள். எல்லாவற்றையும் அழிக்கட்டுமா என்று கேட்கும். அழித்தால் திரும்ப வராது என்று எச்சரித்துவிட்டு இன்னொரு தரம் கேட்கும். ஆமாம் என்றால் சில நொடிகள் காத்திருக்கச் சொல்லும், அவ்வளவுதான். பழைய கேம்பாயின் ரெட், ப்ளூ தொடங்கி டிஎஸ் காலம் வரை பெரும்பாலும் இதே மூன்று பட்டன்தான். 3டிஎஸ்ஸில் வந்த எக்ஸ், ஒய் கேம்களில் மேல் அம்பு, எக்ஸ், பி. ஸ்விட்சில் இந்த வித்தை எடுபடாது, கருவியின் செட்டிங்ஸில் போய்த்தான் அழிக்க வேண்டும்.

இன்னொரு வழி, வெறுமனே நியூ கேம் கொடுத்து ஆடத் தொடங்குவது. நிறையப் பேர் நியூ கேம் கொடுத்த உடனே பழையது போய்விடும் என்று பயப்படுகிறார்கள். போகாது. புது ஆட்டத்தில் நீங்கள் சேவ் கொடுக்கும்போதுதான் வேறொரு சேவ் ஏற்கெனவே இருக்கிறது, இப்போது சேவ் செய்தால் அது முழுக்கப் போய்விடும் என்று எச்சரிக்கும். அதுவரை பழையது பத்திரம். ஒரு கேசட்டில் ஒரே ஒரு ஆட்டத்துக்குத்தான் இடம். என் கதை முழுக்க இந்த ஒரு விதியில்தான் தொங்குகிறது.

2006ல் சிங்கப்பூரில் இருந்த சித்தப்பா ஊருக்கு வந்தபோது எனக்கு அந்த மூடித் திறக்கும் கேம்பாய் அட்வான்ஸ் எஸ்பியும் ஃபயர்ரெட் கேசட்டும் கொண்டுவந்தார். எங்கள் ஊர் பட்டுக்கோட்டை. தெருவில் வேறு யாரிடமும் அப்படி ஒன்று கிடையாது. முதல் போக்கிமானாக நான் சார்மாண்டரை எடுத்தேன். கல் போக்கிமான் வைத்திருக்கும் ஜிம் தலைவர் ப்ராக்கிடம் முதல் ஜிம்மிலேயே அடி மேல் அடி வாங்கி, காட்டுக்குள் போய் லெவல் ஏற்றிக்கொண்டு திரும்பிய ஆள் நான். அடுத்த வருடக் கோடை விடுமுறைக்குள் என் சார்மாண்டர் சாரிசார்ட் ஆகி லெவல் 68ல் நின்றது. ஆடிய நேரம் 118 மணி. அது சரியாக நினைவிருக்கிறது, ஏனென்றால் அழிப்பதற்கு முன் ஆடுபவரின் விவரம் காட்டும் டிரெய்னர் கார்டைப் பார்த்து ஒரு நோட்டில் எழுதிவைத்தேன்.

தம்பி அப்போது மூன்றாவது முடித்திருந்தான். என் ஆட்டத்திலேயே ஆடு என்றால் மாட்டேன் என்பான். அவனுக்கு அவன் பேரில் வேண்டும். சேவ் செய்யக் கூடாது என்ற நிபந்தனையோடு நியூ கேம் ஆட விட்டேன். இப்போது நினைத்தால் அண்ணன்கள் செய்யும் அயோக்கியத்தனங்களில் இதற்கு நல்ல இடம் கொடுக்கலாம்.

அந்த ஏப்ரல், மே முழுக்க அவன் தினமும் காலையில், ஆட்டம் தொடங்கும் ஊரான பாலெட் டவுனில் தொடங்குவான். ஆட்டத்தில் வரும் வீட்டின் மாடியறைக் கணினியில் கிடக்கும் ஒரே ஒரு போஷனை, அதாவது மருந்தை, எடுப்பான். ஊருக்கு வடக்கே புல்லில் கால் வைப்பான். ப்ரொஃபசர் ஓக் ஓடிவந்து தடுத்துக் கூட்டிப்போவார். முதல் போக்கிமானாக ஒன்றைத் தேர்ந்தெடுத்து, எதிராளிப் பையனிடம் ஒரு சண்டை, அப்புறம் விரிடியன் கடையில் கொடுக்கும் பார்சலை ஓக்கிடம் கொண்டுவந்து சேர்ப்பது, போக்கிமான் பிடிக்கும் பந்து ஐந்து வாங்கிக்கொண்டு மறுபடி வடக்கே போவது. விரிடியன் காடு வரை வருவான். அதற்குள் சார்ஜ் தீரும், அல்லது நான் பிடுங்கிக்கொள்வேன், அல்லது சாப்பிடக் கூப்பிடுவார்கள். மறுநாள் திரும்பப் பாலெட் டவுன். அந்த முதல் ஒரு மணி நேரத்தை அவன் நாற்பது தரமாவது ஆடியிருப்பான். காட்டில் எந்த மரத்தடியில் என்ன கிடக்கிறது, எந்தப் பூச்சிக்காரப் பையன் எந்த இடத்தில் மறிப்பான் என்பதெல்லாம் மனப்பாடம். மொத்த ஆட்டத்தையும் முடித்த எனக்கு அது தெரியாது.

ஒருநாள் சாயங்காலம் அவனுக்குப் பிகாச்சு மாட்டியது. அந்தக் காட்டில் இருபது தரம் ஏதாவது குறுக்கே வந்தால் ஒரு தரம்தான் பிகாச்சு. மற்ற நேரமெல்லாம் காட்டர்பியும் வீடிலும் புழு புழுவாக வரும். கடைசிப் பந்தில் பிடித்தான். சேவ் செய்ய முடியாது, அணைக்கவும் மனசில்லை. சார்ஜரைச் சொருகி, மூடியைச் சாய்த்து, ஆட்டம் ஓடிக்கொண்டிருக்கும்போதே அலமாரி மேல் வைத்துவிட்டுப் படுத்துவிட்டான். காலையில் பால் காய்ச்ச எழுந்த அம்மா அலமாரியில் ஆரஞ்சும் பச்சையுமாக விளக்கு எரிவதைப் பார்த்திருக்கிறார். "விடிய விடிய கரண்ட்ல போட்டு வச்சிருக்கானுங்க" என்று சார்ஜரைப் பிடுங்கி, பக்கவாட்டு ஸ்விட்சையும் தள்ளிவிட்டார். எங்கள் வீட்டில் ஸ்விட்ச் அணைப்பது அம்மாவுக்கு வேண்டுதல் மாதிரி.

எழுந்து வந்து பார்த்த தம்பி அழுவான் என்று நினைத்தேன். அழவில்லை. திண்ணையில் உட்கார்ந்து நியூ கேம் கொடுத்து, மாடியறைக் கணினியில் போஷனை எடுத்தான்.

அன்றைக்குத்தான் சரி, அழித்துக் கொடுத்துவிடலாம் என்று தோன்றியது. ஆனால் சாரிசார்டை விட மனசில்லை. ஜூன் மாதம் சிங்கப்பூரில் பள்ளி விடுமுறை, சித்தப்பா குடும்பத்தோடு வந்தார். சித்தப்பா மகனிடம் இன்னொரு எஸ்பியும் லீஃப்கிரீன் கேசட்டும் இருந்தன. லிங்க் கேபிளைப் போட்டு, ஆட்டத்தில் வரும் போக்கிமான் சென்டர் மாடியில் நின்று, என் ஆறு போக்கிமானையும் ஒவ்வொன்றாக அவனுக்கு அனுப்பினேன். ஒன்று கொடுத்தால் ஒன்று வாங்கித்தான் ஆக வேண்டும் என்பதால் அவன் பதிலுக்கு வழியில் பிடித்த பிட்ஜியும் ரட்டாட்டாவுமாக ஆறு தந்தான். "அண்ணா, பத்திரமா வச்சுக்கிறேன், லெவல்கூட ஏத்த மாட்டேன்" என்றான். இதில் ஒரு வேடிக்கை. என்னிடம் மாதக்கணக்கில் வளராமல் நின்ற கடாப்ரா அவன் கேசட்டுக்குப் போன நொடியில் அலகசாமாக மாறியது. கடாப்ரா கைமாறினால்தான் மாறும். எனக்கு அதுவரை மாற்றிக்கொள்ள ஆளே இல்லை.

அப்புறம் அந்த மூன்று பட்டனையும் தம்பியையே அழுத்தச் சொன்னேன். அவன் சின்ன விரலுக்கு மூன்றும் ஒன்றாக எட்டவில்லை, செலக்டை மட்டும் நான் பிடித்துக்கொண்டேன். இரண்டு முறை ஆமாம். அந்தச் சில நொடிகளில் எனக்கு வயிற்றைப் பிசைந்தது உண்மை. ஆனால் வருத்தம் அன்று ராத்திரிக்குள் போய்விட்டது. அவன் முதல் முறையாகச் சேவ் கொடுத்துவிட்டு, உடனே அணைத்து, திரும்பப் போட்டு, தன் பேர் வருகிறதா என்று பார்த்தான். நாலைந்து தரம் அப்படிப் பார்த்தான்.

இப்போது நீங்கள் கவனிக்க வேண்டிய இடம். சேவ்வை அழித்தாலும் போக்கிமானைக் காப்பாற்றிவிடலாம் என்றுதான் எல்லோரும் நினைக்கிறோம். மறு வருடம் சித்தப்பா மகன் வந்தபோது சாரிசார்டைத் தம்பியின் ஆட்டத்துக்கு வாங்கினோம். அப்போது தம்பியிடம், ஜிம்களில் ஜெயித்தால் கிடைக்கும் பேட்ஜ் ஐந்து இருந்தது. முதல் சண்டையில் நெருப்பைக் கக்கச் சொன்னால் அது சொன்னதைக் கேட்காமல் சும்மா நின்றது. அடுத்த முறை முகத்தைத் திருப்பிக்கொண்டது. மூன்றாம் முறை சண்டைக்கு நடுவே தூங்கிவிட்டது. கேபிளில் கோளாறு, கேசட் கெட்டுவிட்டது என்று ஆளுக்கு ஒன்று சொன்னோம். தம்பிதான் சொன்னான்: "இது உன்ன மாதிரியே இருக்கு. சொன்னா கேக்கல."

கோளாறு ஒன்றும் இல்லை, அது ஆட்டத்தின் விதி. ஒவ்வொரு முறை புதிதாகத் தொடங்கும்போதும் உங்களுக்கு ஐந்து இலக்க எண் ஒன்று குலுக்கல் மாதிரி விழும். நீங்கள் பிடிக்கும் ஒவ்வொரு போக்கிமானிலும் உங்கள் பேரோடு அந்த எண்ணும் பதியும். வேறு எண்ணுள்ளவரிடம் போனால் அது அந்நியர் வீட்டுப் பிள்ளை. ஒன்றரை மடங்கு வேகமாக வளரும், ஆனால் சொல் பேச்சுக் கேட்பதற்கு வரம்பு உண்டு. இரண்டு பேட்ஜ் இருந்தால் லெவல் 30 வரை, நான்குக்கு 50, ஆறுக்கு 70. எட்டும் வாங்கினால்தான் எல்லாம் கேட்கும். லாவெண்டர் டவுனில் பேர் மாற்றிக் கொடுக்கும் பெரியவரிடம் கொண்டுபோனாலும் அவர் கைவிரித்துவிடுவார், கைமாறி வந்ததற்குப் பேர் மாற்ற முடியாது. நீங்கள் அழித்துவிட்டு அதே பேரில் தொடங்கினாலும் புது எண்தான் விழும். அதாவது உங்கள் சாரிசார்டை நண்பரிடம் கொடுத்து வைத்துத் திரும்ப வாங்கினால், உங்கள் பேர் எழுதியிருக்கும் அந்தச் சாரிசார்ட் உங்களையே யாரோ என்றுதான் பார்க்கும்.

இது பரவாயில்லை என்றால் தாராளமாக அழியுங்கள். அதற்கு முன் டிரெய்னர் கார்டையும் அதன் பின்பக்கத்தையும் போட்டோ எடுத்துக்கொள்ளுங்கள், ஏ அழுத்தினால் கார்டு திரும்பும். ஆட்டத்தை ஜெயித்ததைப் பதிந்து வைக்கும் ஹால் ஆஃப் ஃபேம் பதிவுகளும் அழிந்துவிடும், அதை ஆட்டத்துக்குள் வரும் கணினியில் திறந்து போட்டோ எடுத்துக்கொள்ளலாம். கேசட்டைச் செருகிச் சேவ் கோப்பைக் கணினிக்கு நகலெடுக்கும் சின்னக் கருவிகள் விலைக்குக் கிடைக்கின்றன. அது கையில் இருந்தால் உங்கள் கேள்விக்கே வேலை இல்லை, நகல் எடுத்து வைத்துவிட்டு அழிக்கலாம், வேண்டும்போது அதே எண்ணோடு திரும்ப ஏற்றலாம். பழைய டிஎஸ்ஸும் டைமண்ட் அல்லது பேர்ல் கேசட்டும் இருந்தால் அந்த கேமில் வரும் பால் பார்க் என்ற இடம் வழியாக ஆறு ஆறாகப் போக்கிமான்களை அனுப்பலாம், ஆனால் அது ஒருவழிப் பாதை, திரும்பி வராது.

அவசரப்படவும் தேவையில்லை. ஃபயர்ரெட் கேசட்டுக்குள் பேட்டரி கிடையாது. சேவ் ஃப்ளாஷ் சிப்பில் இருக்கிறது, அதனால் இத்தனை வருடத்துக்குப் பிறகும் திறக்கிறது. பழைய போக்கிமான் கோல்டு, சில்வர் கேசட் வைத்திருப்பவர்களுக்குத்தான் கவலை, அதில் கடிகாரமும் சேவ்வும் ஒரே பேட்டரியில் ஓடுகின்றன, பேட்டரி தீர்ந்தால் யாரும் கேட்காமலே அழிந்துவிடும். ரூபி, சஃபையரில் பேட்டரி தீர்ந்தால் கடிகாரம் மட்டும் நிற்கும், சேவ் இருக்கும். போலிக் கேசட்டாக இருந்தால் இதில் எதற்கும் நான் பொறுப்பில்லை.

இரண்டாம் முறை பற்றிச் சொல்ல வேண்டும். 2020 ஊரடங்கில் வீட்டுக்கு வந்து மாட்டிக்கொண்டபோது பரண் பெட்டியில் எஸ்பி கிடைத்தது. சார்ஜ் ஏறியது. கன்டின்யூ கொடுத்தால் ஃபயர்ரெட்டில் முன்கதை ஒன்று ஓடும், கடைசியாக நீங்கள் செய்த காரியங்களைப் பழைய படம் மாதிரி நிறம் வெளிறிய காட்சிகளாகக் காட்டும். எனக்குத் தம்பி செய்தது ஓடியது. எட்டு பேட்ஜும் வாங்கி, கடைசியாக ஏதோ ஒரு கடையில் போஷன் வாங்கிவிட்டு அணைத்திருக்கிறான். முதல் இடத்தில் என் சாரிசார்ட், லெவல் 74. எட்டு பேட்ஜ் இருந்ததால் அவன் சொன்னதை அது கேட்க ஆரம்பித்திருக்கிறது.

முதலிலிருந்து ஆட எனக்கும் ஆசை வந்தது. பெங்களூரில் இருந்த தம்பிக்குப் போன் போட்டேன். "அழிச்சுக்கோண்ணா, நான் எங்க ஆடப் போறேன்" என்று உடனே சொல்லிவிட்டான். முகப்புத் திரை வரை போய் மூன்று பட்டனிலும் விரலை வைத்தேன். அப்புறம் கையை எடுத்துவிட்டு, காபி குடிக்கப் போய்விட்டேன்.

இன்று வரை அழிக்கவில்லை. ஊருக்குப் போகும்போதெல்லாம் நியூ கேம் கொடுத்து ஆடுகிறேன், சேவ் செய்வதில்லை. போன பொங்கலுக்கும் விரிடியன் காடு வரை போனேன். சார்ஜரில் போட்டுவிட்டுத் தூங்கும்போது அம்மா கண்ணில் படாமல் பீரோவுக்குள் வைக்கிறேன். பிகாச்சு இன்னும் வரவில்லை.