மைக் பிடிக்க விரும்பும் மகன்: ஐன்ட்ஹோவனில் வசிக்கும் ஒரு தந்தைக்கு

அன்புள்ள ஐயா, வணக்கம்.

ஹாவோவில் (உயர்தொழிற்கல்லூரிக்கு வழிவிடும் டச்சு மேல்நிலைப் பள்ளிப் பிரிவு) நான்காம் ஆண்டு படிக்கும் தங்கள் மகன், பொறியியல் வேண்டாம், டச்சுத் தொலைக்காட்சியில் கால்பந்து வர்ணனையாளராகப் போகிறேன் என்று பிடிவாதமாக நிற்பதாகவும், நல்ல குரல் இருந்தால் போதும் என்று அவர் நம்புவதாகவும் எழுதியிருந்தீர்கள். முதலில் திருத்த வேண்டியது அந்த நம்பிக்கையைத்தான். நெதர்லாந்தில் இது அடிப்படையில் பத்திரிகையாளர் வேலை.

1974 ஜூலை 7 அன்று மியூனிக்கில் நடந்த உலகக் கோப்பை இறுதியாட்டத்தில் கெர்ட் முல்லர் அடித்த கோலால் மேற்கு ஜெர்மனி நெதர்லாந்தை 2-1 என முந்தியபோது, வர்ணனை செய்துகொண்டிருந்த ஹெர்மன் கௌப்ஹோஃப், 'கடைசியில் ஏமாந்தே போனோமே' என்ற பொருளில் ஒரேயொரு வாக்கியம் சொன்னார். டச்சுக்காரர்கள் அதை இன்றும் மறக்கவில்லை. பந்து வலைக்குள் போனதைத்தான் எல்லோரும் திரையில் பார்த்துவிட்டார்களே. பார்த்தவர்கள் மனத்தில் இருந்ததை அவர் சொன்னார். 1998 உலகக் கோப்பையில், மார்சேயில் அர்ஜென்டினாவுக்கு எதிராக டச்சு வீரர் பெர்க்காம்ப் கோல் அடித்தபோது அவர் பெயரையே திரும்பத் திரும்பக் கத்திய வர்ணனையாளர் ஜாக் வான் கெல்டரைத்தான் பையன்கள் நடித்துக் காட்டுவார்கள். ஆனால் அது வானொலி வர்ணனை. தொலைக்காட்சியில் எப்போது வாயை மூடிக்கொள்வது என்பதே பாதிப் பயிற்சி.

படிப்பைப் பற்றித் தாங்கள் அவ்வளவு அஞ்ச வேண்டியதில்லை. ஹாவோ தேறியவர் உயர்தொழிற்கல்லூரியில் நான்காண்டு இதழியல் பட்டம் படிக்கலாம். யூட்ரெக்ட்டிலும், தங்கள் ஊருக்குப் பக்கத்திலேயே டில்பர்க்கில் உள்ள ஃபான்டிஸ் கல்லூரியிலும் அது இருக்கிறது. செய்தி எழுதவும் சரிபார்க்கவும் கற்றவருக்கு வர்ணனை வாய்க்காவிட்டாலும் வேறு வேலை உண்டு.

வேலையைப் பற்றித்தான் எச்சரிக்க வேண்டும். இருக்கைகள் குறைவு, அவற்றிலும் சில முன்னாள் வீரர்களுக்குப் போய்விடும். சைக்கிள் பந்தய வர்ணனையில் பல ஆண்டுகள் அமர்ந்த மார்ட்டன் டுக்ரோ, 1985 டூர் டி பிரான்ஸ் பந்தயத்தில் ஒரு நாள் கட்டத்தை வென்றவர். ஒளிபரப்பு உரிமம் கைமாறினால் குரலும் மாறக்கூடும். முப்பதாண்டு அளவுக்கு ஃபார்முலா 1-இன் டச்சுக் குரலாக இருந்த ஓலாவ் மோல், 2022-இல் உரிமம் வியாப்ளே என்ற இணைய ஒளிபரப்பு நிறுவனத்துக்குப் போனபோது அந்த நிறுவனத்தின் வர்ணனையாளராகத் தொடரவில்லை. நிரந்தர ஊழியராக அல்லாமல் ஆட்டத்துக்கு இவ்வளவு என்று சுயதொழிலாகச் செய்வோரும் பலர் என்பதால், முதல் சில ஆண்டுகளுக்கு வேறொரு வருமானம் இருப்பது நல்லது.

வீட்டில் தமிழ் பேசுவது தடையே அல்ல. ஆனால் டச்சு மொழியில் கேலியும் பழமொழியும் யோசிக்காமல் நாவில் வர வேண்டும். ஆகவே வரும் சனிக்கிழமை அவர் உள்ளூர்க் கிளப் ஆட்டம் ஒன்றுக்குப் போகட்டும். இரு அணிகளின் இருபத்திரண்டு பெயர்களையும் எண்களையும் ஒரே தாளில் எழுதிக்கொண்டு, பத்து நிமிடம் கைப்பேசியில் வர்ணித்துப் பதிவு செய்யட்டும். மறுநாள் தாங்கள் இருவரும் அமர்ந்து கேளுங்கள். எத்தனை பெயர் தவறியது, எங்கே தேவையில்லாமல் பேசினார் என்று அவரே குறிக்கட்டும். ஐந்து வாரப் பதிவுகள் சேர்ந்ததும், அந்தத் தாள்களோடு அவரை என்னிடம் பேசச் சொல்லுங்கள்.