மனஉறுதி வலிப்பைத் தடுக்காது

அன்புள்ள ஐயாவுக்கு,

என் அண்ணனுக்கு 44 வயது. பத்து வருஷத்துக்கு மேலாகத் தினமும் குடிக்கிறார். இப்போதெல்லாம் காலையில் கொஞ்சம் உள்ளே போனால்தான் கைநடுக்கம் நிற்கிறது. இரண்டு முறை சட்டென்று நிறுத்திப் பார்த்தார். முதல் முறை நடுக்கமும் தூக்கமின்மையும் மட்டும். இரண்டாம் முறை மறுநாளே வலிப்பு வந்துவிட்டது. வரும் திங்கட்கிழமை மறுபடி நிறுத்தப்போகிறாராம். “ஆஸ்பத்திரியெல்லாம் வேண்டாம், நாலு நாள் அறையில் போட்டுப் பூட்டு, மனஉறுதி இருந்தால் போதும்” என்கிறார். அண்ணியோ சாப்பாட்டில் தெரியாமல் கலந்து கொடுக்கும் மாத்திரையைத் தேடிக்கொண்டிருக்கிறார். என்ன செய்வது?

க.

அன்புள்ள க.,

பூட்டாதீர்கள். வீட்டில் வைத்து நிறுத்தவும் வேண்டாம். மருத்துவமனையில் படுக்கை உறுதியாகும்வரை, அளவைக் கூட்டாமல், சட்டென்று வெட்டாமல் அவர் குடித்துக்கொண்டிருப்பதே பாதுகாப்பு. கேட்கக் கோணலாக இருக்கும், ஆனால் அதுதான் சரி.

மூளையில் அடக்கி வைக்கும் பொருள் காபா, முடுக்கிவிடுவது குளூட்டமேட். மது காபாவோடு சேர்ந்துகொண்டு குளூட்டமேட்டை அமுக்குகிறது. வருஷக்கணக்கில் அமுக்கினால் மூளையும் எதிர்ப்பக்கம் பலமாக இழுக்கப் பழகிவிடுகிறது. கயிறிழுப்பில் ஒரு பக்கத்தார் திடீரென்று கையை விட்டால் மறுபக்கம் என்ன ஆகும்? குடியை நிறுத்திய அன்று நடப்பது அதுதான். இதில் மனஉறுதிக்கு வேலையே இல்லை.

கடைசியாகக் குடித்து 6 முதல் 12 மணி நேரத்தில் நடுக்கம், வியர்வை, குமட்டல், படபடப்பு தொடங்கும். கையை நீட்டி விரல்களை விரிக்கச் சொல்லுங்கள். கண்ணுக்குத் தெரியாத நடுக்கம்கூட அவர் விரல்நுனியில் உங்கள் விரல்நுனியை வைத்தால் தெரிந்துவிடும். வலிப்பு பெரும்பாலும் 48 மணி நேரத்துக்குள் வரும். ஜன்னி, அதாவது டெலிரியம் ட்ரெமென்ஸ், வருவது 48 முதல் 96 மணிக்குள். “இரண்டு நாள் தாண்டிவிட்டார், இனி பயமில்லை” என்று வீட்டார் மூச்சுவிடும் நேரத்தில் அது வருகிறது.

சுவரில் பூச்சி ஊர்வதாகச் சொல்கிறார், ஆனால் இன்று என்ன கிழமை, எங்கே இருக்கிறோம் என்பது தெளிவாகத் தெரிகிறது என்றால் அது வெறும் மாயக்காட்சி. கிழமையும் இடமும் குழம்பினால் ஜன்னி. போர்வையைப் பிய்ப்பார், தையல்காரர் என்றால் இல்லாத ஊசியில் நூல் கோப்பார். “இந்தா நூல்” என்று வெறுங்கையை நீட்டினால் வாங்கிக்கொள்வார். காய்ச்சலும் நாடித்துடிப்பும் ஏறும். கவனிக்காமல் விட்டால் உயிர் போகும்.

அண்ணன் விஷயத்தில் என்னை உறுத்துவது அந்த இரண்டாம் முறைதான். நிறுத்துவதும் தொடங்குவதுமாக இருந்தால் ஒவ்வொரு முறையும் மூளை இன்னும் எளிதாகப் பற்றிக்கொள்ளும். முதல் முறை நடுக்கம், அடுத்த முறை வலிப்பு என்பது அந்த ஏறுமுகம். ஒருமுறை வலிப்பு வந்தவரை உள்நோயாளியாக வைத்துத்தான் நிறுத்த வேண்டும்.

அங்கே கொடுப்பது டயசெபாம் அல்லது குளோர்டயசெபாக்சைடு. மது விட்ட இடத்தில் காபாவைத் தாங்கிப் பிடிக்கும் மருந்துகள். ஈரல் கெட்டிருந்தால் லோராசெபாம். நடுக்கம், வியர்வை, குழப்பம் உள்ளிட்ட பத்து அம்சங்களுக்கு மதிப்பெண் போட்டு, அதற்கேற்ப அளவைக் கூட்டிக் குறைத்து, பொதுவாக 5 முதல் 7 நாளில் அந்த மருந்தையும் நிறுத்திவிடுவார்கள். இதை வீட்டில் செய்து பார்க்காதீர்கள். மாத்திரையும் போட்டு மேலே குடித்தால் மூச்சு அடங்கிவிடும். சாதாரண வலிப்பு நோய்க்குத் தரும் ஃபெனிட்டாயின் இந்த வலிப்பைத் தடுக்காது.

இன்னொன்று தயமின், அதாவது வைட்டமின் பி1. நாள்படக் குடிப்பவரின் குடல் மாத்திரையைச் சரியாக உறிஞ்சாது, ஊசிதான் வேண்டும். “சோர்ந்துவிட்டார், ஒரு குளுக்கோஸ் ஏற்றுங்கள்” என்று நாமே கேட்கிறோம் அல்லவா? குளுக்கோஸை எரிக்க உடம்புக்குத் தயமின் தேவை. இருக்கிற கொஞ்சமும் அதில் தீர்ந்தால் குழப்பம், தள்ளாட்டம், கண் அசைவுக் கோளாறு என்று வெர்னிக்கே நோய் வந்து நிற்கும். பிறகு நினைவாற்றல் திரும்பாமலே போகலாம். ஆகவே முதலில் தயமின், அல்லது இரண்டும் சேர்ந்து.

அண்ணி தேடுவது டைசல்ஃபிரம். மதுவை உடம்பு சிதைக்கும் வழியில் பாதியில் அடைத்து, அசிட்டால்டிஹைடு என்ற நச்சுப்பொருளைத் தேக்கிவிடும். குடித்தால் முகம் சிவந்து, வாந்தி எடுத்து, ரத்த அழுத்தம் விழும். இதயம் பலவீனமானவர் செத்தும் போகலாம். கடைசியாகக் குடித்து 12 மணி நேரமாவது ஆன பிறகு, அவருக்குத் தெரிந்து, அவர் சம்மதத்தோடு மட்டுமே தர வேண்டிய மருந்து அது. தெரியாமல் கலப்பது விஷம் வைப்பதற்குச் சமம். அண்ணியிடம் இதை இன்றைக்கே சொல்லிவிடுங்கள். குடிக்கும் ஏக்கத்தைக் குறைக்க நால்ட்ரெக்சோன், அகாம்ப்ரோசேட் இருக்கின்றன. முன்னதற்கு ஈரலையும் பின்னதற்குச் சிறுநீரகத்தையும் பார்த்துவிட்டு மருத்துவர் தேர்ந்தெடுப்பார்.

சேர்க்கும் முன்பே வலிப்பு வந்தால் ஒருக்களித்துப் படுக்க வையுங்கள், வாயில் எதையும் திணிக்காதீர்கள், ஆம்புலன்ஸைக் கூப்பிடுங்கள். சேர்க்கும்போது ஒரு தாளில் எழுதிக் கொண்டுபோங்கள்: கடைசியாகக் குடித்த நேரம், தினசரி அளவு, முன்பு வலிப்பு வந்தது, தூக்க மாத்திரைப் பழக்கம் உண்டா என்பது. அளவை அவரிடம் மட்டும் கேட்காதீர்கள், பாதியைத்தான் சொல்வார். காலி பாட்டில்களை எண்ணுங்கள்.