வாசகர் கேள்வி: ஓலையில் ஒடுக்கற்பிரிவு

கேள்வி: தரம் 11 பிள்ளைகளுக்கு ஒடுக்கற்பிரிவைப் (விந்து, முட்டை உருவாகும்போது நிறமூர்த்த எண்ணிக்கை பாதியாகும் கலப்பிரிவு) படம் கீறிக் காட்டினால் தலையாட்டுகிறார்கள். நிறமூர்த்தங்களை (பரம்பரை இயல்புகளைக் கடத்தும் இழைகள்) எண்ணச் சொன்னால் 46ஐ 92 என்கிறார்கள். ஆய்வுகூடத்திலும் பொருள் இல்லை. என்ன செய்யலாம்?
- ஆசிரியை, ஒட்டுசுட்டான்

பதில்: குழப்பத்துக்குக் காரணம் புத்தகத்திலுள்ள ‘எக்ஸ்’ வடிவம். ஒரு பாதி தாயினது, மறுபாதி தந்தையினது என்று பிள்ளைகள் எண்ணிவிடுகிறார்கள். இரண்டுமே ஒரே நிறமூர்த்தத்தின் பிரதிகள்தான்.

சார்வோலை போதும். ஒரு குழுவுக்கு 25, 11, 5 சென்ரிமீற்றர் நீளங்களில் நந்நான்கு கீற்றுகள். ஒவ்வொரு நீளத்திலும் இரண்டு சாயம் போட்டவை (தந்தை), இரண்டு வெள்ளை (தாய்). இவை 1, 13, 21ஆம் நிறமூர்த்தங்கள். ஒரு சென்ரிமீற்றர் ஏறத்தாழ ஒரு கோடி மூலச்சோடி (டிஎன்ஏ இழையின் படிகள்). ஒரே நிறமும் நீளமும் கொண்ட இரண்டை நூலால் கட்டுங்கள்: 1க்கு நடுவில், மற்றவற்றுக்கு ஒரு நுனியோரம். காய்ந்த ஓலையை இறுக்கினால் கிழியும்; ஈரத்துணியால் துடைத்துவிட்டுக் கட்டுங்கள். நனைய விட்டால் சாயம் இறங்கும்.

எண்ண வேண்டியது முடிச்சை: ஓலை 12, நிறமூர்த்தம் 6.

முதற்பிரிவில் வெள்ளையும் சாயமும் சோடியாக நின்று, பின் எதிரெதிர்ப் பக்கம் போகும். பெரும்பாலானோர் பிழைவிடுவது இங்கேதான்: முடிச்சை அறுத்துவிடுவார்கள். அறுத்தால் அது இழையுருப்பிரிவாகிவிடும் (எண்ணிக்கை பாதியாகாத சாதாரண கலப்பிரிவு). அறுக்காவிட்டால் பக்கத்துக்கு 3 முடிச்சு. இரண்டாம் பிரிவில் அறுங்கள். இனி ஒவ்வோர் ஓலையும் ஒரு நிறமூர்த்தம். நான்கு புணரிகள் (விந்து அல்லது முட்டை), ஒவ்வொன்றிலும் 3.

எந்த நிறம் எப்பக்கம் என்பதை நாணயம் சுண்டி முடிவு செய்யட்டும். 3 சோடிக்கு 8 சேர்க்கை. மனிதரின் 23 சோடிக்கு 83,88,608. சோடி நிறமூர்த்தங்கள் துண்டுகளை மாற்றிக்கொள்ளும் குறுக்குப்பரிமாற்றம் இதில் சேராது. அதைக் காட்ட, பிரிப்பதற்கு முன் இரு நிறத்திலும் நுனியில் சம அளவு வெட்டி மாற்றி ஒட்டுங்கள். அளவு பிசகினால் எறிய வேண்டாம்: ஒன்றில் இழப்பு, மற்றதில் இரட்டிப்பு என்று அதையே காட்டலாம்.

கடைசியாக, முதற்பிரிவில் 21ஆம் சோடி முழுவதையும் ஒரு பக்கம் இழுக்கச் சொல்லுங்கள். இரு புணரிகளில் 21 இரண்டிரண்டு, மற்ற இரண்டில் இல்லவே இல்லை. இரண்டுள்ளது கருக்கட்டினால், மனிதரில் 46க்குப் பதில் 47 நிறமூர்த்தங்கள். அதுதான் டவுண் நோய்க்குறி.

அடுத்து பரம்பரை இயல்புகளைப் படிப்பிக்கும்போது குடும்ப மரம் எழுதிவரச் சொல்லாதீர்கள். போர் ஆளைக் கொண்டுபோன வீடுகள் நிறைந்த மண் இது. கற்பனைக் குடும்பம் ஒன்றை நீங்களே எழுதிக் கொடுங்கள். நாக்கைச் சுருட்டுவது ஒற்றைப் பரம்பரையலகின் (ஜீன்) வேலை என்பதும் பழைய கதை.

கேள்வி: 22ஆம் நிறமூர்த்தத்தைவிட 21ஆவது சிறியது என்கிறார்களே, இலக்கம் பிழையா?
- மாணவன், நெடுங்கேணி

பதில்: சிறியது 21தான். நுணுக்குக்காட்டியில் பருமனைப் பார்த்து, பெரியதிலிருந்து சிறியதாக இலக்கமிட்ட காலத்தில் நேர்ந்த பிசகு. டவுண் நோய்க்குறியோடு 21 என்ற இலக்கம் ஒட்டிவிட்டதால் மாற்றாமல் விட்டார்கள்.