கொம்பேறிமூக்கனும் வைக்கோல் பொம்மையும்

அன்புள்ள ஐயா,

எங்கள் வீட்டு முருங்கை மரத்தில் ஒரு கொம்பேறிமூக்கன் இருக்கிறது. அம்மா அதை அடிக்க ஆள் தேடிக்கொண்டிருக்கிறார். இணையத்தில் பார்த்தால் விஷமே இல்லாத பாம்பு என்று போட்டிருக்கிறது. ஆனால் என் பாட்டி சொன்ன கொம்பேறிமூக்கன் வேறு. அது கடித்துவிட்டு, சுடுகாட்டுப் பக்கம் இருக்கும் உயர்ந்த மரத்தில் ஏறி உட்கார்ந்துகொள்ளும். பிணம் எரியும் புகையைக் கண்ட பிறகுதான் இறங்கும். பாட்டியின் சித்தப்பாவை அது கடித்தபோது வைக்கோலில் ஆள் மாதிரி பொம்மை செய்து, பாடை கட்டிக் கொண்டுபோய் எரித்தார்களாம். பாம்பு ஏமாந்து இறங்கிப் போனது, அவர் பிழைத்துக்கொண்டார். பாட்டி பொய் சொல்கிறவர் இல்லை. அப்படி ஒரு பாம்பு முன்பு இருந்து அழிந்துபோயிருக்குமா? அல்லது இரண்டு வேறு பாம்புகளுக்கு ஒரே பெயரா?

ஒரு வாசகி, திண்டுக்கல் மாவட்டம்

---

அன்புள்ள வாசகிக்கு,

பாட்டி பொய் சொல்லவில்லை என்பதிலிருந்தே தொடங்குகிறேன். எனக்கும் அதில் சந்தேகம் இல்லை. ஒரே பெயரில் இரண்டு பாம்புகள் என்று நீங்கள் கேட்டதும் ஒரு வகையில் சரிதான். ஒன்று மரத்தில் இருக்கிறது, இன்னொன்று நம் பேச்சில் மட்டும் இருக்கிறது.

மரத்தில் இருப்பதை ஒருமுறை நெருக்கத்தில் பார்த்தேன். கிணற்றடி முருங்கையிலிருந்து வேலிக் கம்பிக்குத் தாவ உடம்பை நீட்டியபடி, பாதி அந்தரத்தில் அப்படியே நின்றது. விரல் பருமன்தான், நீளம் மூன்றரை அடி இருக்கும். முதுகு நெடுக வெண்கலப் பாத்திரத்தைப் புளி போட்டுத் துலக்கிய நிறத்தில் ஒரு பட்டை. நான் ஓரடி முன்னால் வைத்ததும் கழுத்தை உப்பவைத்தது. அப்போது செதில்கள் விலகி, நடுவே வெளிர்நீலம் தெரிந்தது. சாதாரணமாகப் பார்த்தால் அந்த நீலம் கண்ணில் படவே படாது. வயிற்றுச் செதில்களின் இரண்டு ஓரத்திலும் மடிப்பு வைத்தது போல ஒரு விளிம்பு உண்டு. அதை மரப்பட்டையில் பற்றவைத்துத்தான் செங்குத்தான மரத்திலும் சரசரவென்று ஏறுகிறது. ஓணான், பல்லி, தவளை இவைதான் அதன் சாப்பாடு. பகலில் திரியும், இரவில் கிளையிலேயே தூங்கும்.

தலையைப் பார்க்கையில் கண்தான் முதலில் தெரியும். அந்தச் சின்னத் தலைக்கு அது பெரிய கண். எந்தப் பாம்புக்கும் இமை கிடையாது. ஓணான் அசைகிறதா என்று பார்க்கும்போது இது கிளை நுனியில் கழுத்தைத் தூக்கிக்கொண்டு அசையாமல் நிற்கும். கீழே நிற்கும் மனிதருக்கு அது இமைக்காமல் தன்னையே பார்ப்பதாகத்தான் தோன்றும். பேச்சில் இருக்கும் பாம்பு பிறந்தது இங்கேதான் என்று நினைக்கிறேன். ஏறுகிறது, காத்திருக்கிறது, வைத்த கண் வாங்காமல் பார்க்கிறது என்று நம் முன்னோர் கண்டது மூன்றும் உண்மை. எதற்காகப் பார்க்கிறது என்பதை மட்டும் அவர்களாக நிரப்பிக்கொண்டார்கள். ஊருக்கு வெளியே, பெரிய மரங்களை ஒட்டி இருந்த சுடுகாடு கதைக்குத் தோதான இடமாக அமைந்துவிட்டது. பச்சைப்பாம்புக்கும் இதுவே நடந்தது. அதற்குக் கண்கொத்தி என்று பெயர் வைத்தோம், அது ‘கண்கொத்திப் பாம்பாகக் கவனிக்கிறான்’ என்று மொழிக்குள்ளேயே நுழைந்துவிட்டது.

சரி, வைக்கோல் பொம்மைக்கு வருகிறேன். உங்கள் கடிதத்தில் என்னை நிறுத்திவைத்த இடம் அதுதான். பாட்டியின் சித்தப்பா பிழைத்தார். பிழைக்காமல் எப்படி? கடித்தது மரத்தில் இருக்கும் கொம்பேறிமூக்கன் என்றால் கடிவாயில் கொஞ்சம் ரத்தம் வந்து, எரிச்சல் இருந்திருக்கும், அவ்வளவுதான். யாருக்குச் செய்திருந்தாலும் இந்தச் சடங்கு பலித்திருக்கும். ஒவ்வொரு முறை பலிக்கும்போதும் கதை இன்னும் கொஞ்சம் உறுதிப்பட்டிருக்கும். பாம்புக்கு விஷம் இல்லை என்பதற்கான சாட்சியையே விஷம் இருப்பதற்கான சாட்சியாக நாம் எடுத்துக்கொண்டோம். ஆனால் அந்த ராத்திரியை நினைத்துப்பாருங்கள். உயிரோடு இருக்கும் ஒருவருக்காக ஊரே பாடை தூக்கிப் போயிருக்கிறது. அந்த அன்பை என்னால் மூடநம்பிக்கை என்று ஒரு சொல்லில் தள்ள முடியவில்லை.

என் கவலை வேறு இடத்தில். ஒருவர் பாம்பு கடித்துச் சாகும்போது பழி யார் மேல் விழுகிறது? கட்டுவிரியன் இரவில், தரையில் படுத்திருப்பவரைக் கடிக்கும். வலியும் வீக்கமும் பெரும்பாலும் இருக்காது, பல் பட்ட தடம்கூடச் சில நேரம் தெரியாது. விடியும்போது வயிற்றுவலி என்பார், இமை சரியும், பேச்சு குழறும், அப்புறம் மூச்சுத் தசைகள் ஓய்ந்துபோகும். கடித்ததை யாரும் பார்த்திருக்க மாட்டார்கள். காலையில் கூட்டம் கூடும்போது கண்ணுக்குத் தெரிவது கொல்லை மரத்தில் இருக்கும் கொம்பேறிமூக்கன்தான். இது என் ஊகம். ஆனால் கதையில் வரும் பாம்புக்கு விஷம் எங்கிருந்து வந்தது என்று கேட்டால் எனக்குக் கிடைக்கும் விடை இதுதான்.

2000 முதல் 2019 வரை இந்தியாவில் பாம்புக்கடியால் இறந்தவர்கள் ஏறத்தாழ 12 லட்சம் பேர் என்று ஓர் ஆய்வு கணக்கிட்டது. பெரும்பாலான சாவுகளுக்குக் காரணம் நல்ல பாம்பு, கட்டுவிரியன், கண்ணாடி விரியன், சுருட்டை விரியன் என்ற நான்கு. நம் ஆஸ்பத்திரிகளில் போடும் விஷமுறிவு மருந்து இந்த நான்கின் விஷத்துக்கும் சேர்த்துச் செய்யப்படுவது. அதற்கான விஷத்தைச் சேகரித்துத் தருவதில் பெரும்பங்கு செங்கல்பட்டு மாவட்டம் வடநெம்மேலியில் இருக்கும் இருளர் கூட்டுறவுச் சங்கத்துடையது. 1978இல் தொடங்கியது அது. எந்தப் பாம்பு என்று கொல்லையெல்லாம் தேடி நேரத்தைக் கடத்தாமல் கடிபட்டவரை உடனே ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனால் போதும்.

இன்னொன்றையும் சொல்ல ஆசை. இந்தப் பாம்பை அறிவியலில் முதலில் விவரித்துப் பெயரிட்டவர் தோதேன் என்ற பிரெஞ்சுக்காரர், 1803இல். அவர் வைத்த பெயர் ‘டிரிஸ்டிஸ்’. லத்தீனில் துயரமானது என்று பொருள். நாம் அதை மரத்தில் ஏற்றிச் சாவுக்குக் காத்திருக்கவைத்தோம், அவர் துக்கத்தைப் பெயராகவே வைத்தார். பரபரவென்று ஓடி ஓணான் பிடிக்கும் ஒரு பாம்புக்கு இத்தனை சோகம் எப்படி வந்து சேர்ந்தது என்று எனக்கு இன்னும் ஆச்சரியம்தான்.

அம்மாவிடம் அது கடித்தால் ஒன்றும் ஆகாது என்று சொன்னால் நம்பமாட்டார். ஒரு நாள் காலை பத்து மணி வெயிலில், கொஞ்சம் தள்ளி நாற்காலி போட்டு அவரை உட்காரவையுங்கள். அது ஓணானைத் துரத்துவதை அவரே பார்க்கட்டும். கழுத்தின் நீலம் தெரிந்ததா என்று மறக்காமல் எழுதுங்கள்.

அன்புடன்.