கீரைக்கு விளக்கு எத்தனை மணி நேரம்? – வாசகர் கேள்வி பதில்

கேள்வி: வீட்டுக்குள் சன்னலிலிருந்து சற்றுத் தள்ளி, மேசைமேல் ஒரு தட்டில் பாக் சோய் என்னும் சீனக் கீரையை விதைத்தேன். நான்காம் நாளே முளைத்தது. பத்து நாளுக்குள் நாற்றெல்லாம் நூல்போல் நீண்டு ஒரு பக்கமாகச் சாய்ந்துவிட்டது. தண்ணீர் குறைவா, உரம் குறைவா?

பதில்: இரண்டுமில்லை, ஒளிதான் குறைவு. வெளிச்சத்துக்கு ஏற்பக் கண் தன்னைச் சரிசெய்துகொண்டே இருப்பதால் அந்த மேசை நமக்குப் பளிச்சென்று தெரிகிறது. செடிக்கோ அங்கே கிடைப்பது சன்னலோரத்து ஒளியில் ஒரு சிறு பங்குதான். ஒளி போதாத நாற்று, விதையிலிருந்த சேமிப்பையெல்லாம் தண்டை நீட்டுவதிலேயே செலவழிக்கும். இந்த நிலையில் உரமிட்டால் தண்டு தடிக்காது, மேலும் மெலிந்து நீளும்.

நீண்ட நாற்று மீண்டும் குட்டையாகாது. வித்திலைகளை (முளைத்ததும் முதலில் விரியும் இரு இலைகளை) அடுத்து ஓரிரு இலைகள் வந்திருந்தால், வித்திலைக்குச் சற்றுக் கீழ்வரை மண்ணில் புதைத்து நட்டுப் பார்க்கலாம். வராவிட்டால், வருத்தப்படாமல் அரை சென்டிமீட்டர் ஆழத்தில் புதிதாக விதையுங்கள். 4000 முதல் 6500 கெல்வின் (ஒளியின் நிறத்தைக் குறிக்கும் அளவு) வரையுள்ள வெள்ளை எல்இடி குழல்விளக்கே போதும். ஊதா நிறத்தில் ஒளிரும் விளக்குத்தான் வேண்டும் என்பதில்லை. அதை இலைகளுக்கு மேல் 15 முதல் 30 சென்டிமீட்டர் உயரத்தில் தொங்கவிட்டு, செடி உயர உயர விளக்கையும் உயர்த்திக்கொண்டே வாருங்கள்.

கேள்வி: நான் ஒளிக் குறை வரக்கூடாதென்று நாளுக்கு 18 மணி நேரம் விளக்குப் போட்டேன். செடி நன்றாகத்தான் வந்தது. ஆனால் முழுதாகப் பருக்கும் முன்பே பூவெடுத்துவிட்டது. அதிக ஒளி கெடுதலா?

பதில்: ஒளியின் அளவு கெடுக்கவில்லை, நீங்கள் இரவைச் சுருக்கியதுதான் செடியை ஏமாற்றிவிட்டது. கடுகுக் குடும்பத்துக் கீரைகள் இரவின் நீளத்தைக் கொண்டே பருவத்தை அறிகின்றன. இரவு குறுகினால் கோடை வந்துவிட்டதென்று எடுத்துக்கொண்டு, இலை விடுவதை நிறுத்தி விதைக்கு ஆயத்தமாகிவிடும். பாக் சோய், மிசுனா, தாட்சோய், கோமாட்சுனா ஆகிய நான்கு கிழக்காசியக் கீரைகளும், பார்வைக்கு இத்தனை வேறுபட்டிருந்தாலும், தாவரவியலில் ஒரே இனம். கிழங்குக்காக வளர்க்கும் டர்னிப்பும் அதே இனம்தான். ஆகவே இந்தக் குணம் எல்லாவற்றிலும் ஏறக்குறைய உண்டு. நாற்றுப் பருவத்தில் பல நாள் தொடர்ந்து கடுங்குளிரில் இருந்த செடி இன்னும் விரைவாகப் பூக்கும்.

12 மணி நேரம் போதும். நேரங்காட்டி பொருத்திய மின்சுவிட்சை நம்புங்கள், நினைவை நம்பாதீர்கள். இரவு விளக்கை அணைக்க மறந்து மறந்தே ஒரு தொட்டி முழுவதையும் பூக்கவிட்டவன் நான். இனி, நடுக்குருத்தை அடிக்கடி விலக்கிப் பாருங்கள். அடியில் நெருங்கி நின்ற இலைகளுக்கிடையே தண்டு தெரியத் தொடங்கி, உச்சியில் கடுகுமணிகளைக் கொத்தாக ஒட்டியதுபோல் பச்சை மொட்டுகள் தென்பட்டால் காலம் முடிந்தது. உடனே வெட்டிவிடுங்கள், அந்த இளந்தண்டையும் சமைக்கலாம், மொட்டு மலர்ந்தபின்தான் நார் ஓடும்.

முளைக்கீரையை மட்டும் இந்தக் கணக்கில் சேர்க்க வேண்டாம். அது கதகதப்பையும் மிகுந்த ஒளியையும் விரும்புவது; போதாததற்கு, பகல் குறுகினால் பூக்கும் இயல்புடையது. இரண்டையும் ஒரே விளக்கின்கீழ் வைத்தால் ஏதாவது ஒன்று முகம் வாடும்.

கேள்வி: தளதளவென்று வளரும் செடியில் உள்குருத்து இலைகளின் ஓரம் மட்டும் பழுப்பாகக் கருகுகிறது. பூச்சி எதுவும் இல்லை.

பதில்: இது பெரும்பாலும் சுண்ணாம்புச் சத்து குருத்தை எட்டாததால் வருவது. அந்தச் சத்து மண்ணில் இருந்தாலும் வேரிலிருந்து நீரோடு சேர்ந்துதான் மேலேறும். நீர் எங்கே அதிகம் ஆவியாகிறதோ அங்கேதான் போய்ச் சேரும். அகன்ற வெளியிலைகள் பங்கை எடுத்துக்கொள்ள, காற்றுப்படாமல் மூடிக்கிடக்கும் குருத்துக்கு ஒன்றும் மிஞ்சுவதில்லை. ஒரு சிறு மின்விசிறியை இலைகள் மெல்ல அசையும் அளவுக்கு ஓடவிடுங்கள். மண் ஒருநாள் காய்ந்தும் மறுநாள் சேறாகவும் இல்லாமல் சீராக நனையட்டும். கருகிய ஓரம் தேறாது, புதிய இலைகளைப் பார்த்துத்தான் பலனை அறியவேண்டும்.

கேள்வி: நீர் வடிய, தொட்டியின் அடியில் கூழாங்கல் பரப்பலாமா?

பதில்: வேண்டாம். நுண்ணிய மண்ணில் நிற்கும் நீர் கல்லடுக்குக்குள் எளிதில் இறங்காமல் அதற்கு மேலேயே தங்குவதால், ஈரம் வேருக்கு இன்னும் அருகில் வந்துவிடும். 15 முதல் 20 சென்டிமீட்டர் ஆழம், அடியில் துளைகள், தேங்காய்நார்த் தூளும் மட்கிய உரமும் கலந்த இலகுவான கலவை ஆகியவையே போதும். மேல்மண் எப்போதும் ஈரமாக இருந்தால் கருநிறச் சிறு ஈக்கள் முட்டையிடும். விரலால் தொட்டுப் பார்த்து மேற்பரப்பு உலர்ந்தபின் நீர் ஊற்றுங்கள்.