லுபிதா தோவார் சொன்ன இரவுக் கதை: கேள்வி பதில்

கேள்வி: பழைய ஹாலிவுட் பற்றிய ஆவணப்படங்களில் லுபிதா தோவார் என்ற பாட்டி வருகிறாரே, யார் அவர்?

பதில்: 1910இல் மெக்சிகோவின் ஓஹாகா மாநிலத்தில் பிறந்த நடிகை. பள்ளி மாணவியாக இருந்தவரை நடிப்புக்குத் தேர்ந்தெடுத்தவர் ராபர்ட் ஃப்ளாஹெர்ட்டி, ஆவணப்பட முன்னோடியேதான்! 1932இல் வந்த 'சாந்தா' இவரை மெக்சிகோவின் செல்ல நாயகி ஆக்கியது. ஆவணப்படக்காரர்கள் இவரைத் தேடி வந்தது 1931இன் ஸ்பானிஷ் டிராகுலாவுக்காக. ஆங்கில 'டிராகுலா' எடுத்தபோதே அதே கதையை ஸ்பானிஷிலும் தனியாக எடுத்தார்கள், அதில் லுபிதாதான் நாயகி.

கேள்வி: ஒரே கதையை எதற்கு இரண்டு முறை எடுத்தார்கள்?

பதில்: பேசும்படம் அப்போதுதான் வந்திருந்தது. டப்பிங் சரியாகக் கைகூடவில்லை. ஆனால் லத்தீன் அமெரிக்கச் சந்தையைக் கைவிட யுனிவர்சல் ஸ்டூடியோவுக்கு மனமில்லை. அதனால் பகலில், பேலா லுகோசி டிராகுலாவாக நடிக்க, ஒரு குழு ஆங்கிலப் படம் எடுக்கும். அவர்கள் கிளம்பியதும் அதே செட்டில் ஸ்பானிஷ் குழு விடியும்வரை வேலை செய்யும். ஸ்பானிஷ் படத்தின் இயக்குநர் ஜார்ஜ் மெல்ஃபோர்டுக்கு ஸ்பானிஷ் தெரியாது, மொழிபெயர்ப்பாளர் வைத்துத்தான் எடுத்தார். பகல் குழு எடுத்ததைப் போட்டுப் பார்த்து, அதைவிட நன்றாக எடுக்கவேண்டும் என்று இவர்கள் முனைந்தார்கள். தயாரிப்பைப் பார்த்துக்கொண்ட பால் கோனரைத்தான் லுபிதா பிறகு மணந்தார். ஆக, நடிகையாகவும் தயாரிப்பாளர் வீட்டு ஆளாகவும் இரண்டு பக்கக் கதையும் அவருக்குத் தெரியும். இப்படி ஒரு சாட்சி கிடைப்பது அபூர்வம்.

கேள்வி: எந்த ஆவணப்படங்களில் பார்க்கலாம்?

பதில்: கெவின் பிரவுன்லோவின் 'யுனிவர்சல் ஹாரர்' (1998), டேவிட் ஸ்கால் எடுத்த 'தி ரோட் டு டிராகுலா' (1999).

கேள்வி: அறுபது எழுபது வருடம் கழித்துச் சொல்வதை நம்பலாமா ஐயா?

பதில்: இரவு வேலை, செட், ஆட்கள் பற்றிச் சொல்வதைத் தாராளமாக நம்பலாம். "எங்கள் படம்தான் உசத்தி" என்பதை மட்டும் நீங்களே பார்த்து முடிவு செய்யுங்கள். ஆங்கிலப் படம் சுமார் 75 நிமிடம், ஸ்பானிஷ் 104. கேமரா அசைவிலும் ஒளியமைப்பிலும் ஸ்பானிஷ் படம் ஒரு படி மேல் என்பதே என் கருத்து. ஆனால் டிராகுலா என்றால் லுகோசிதான். ஸ்பானிஷ் படத்தில் டிராகுலாவாக வரும் கார்லோஸ் வியாரியாஸ் அவர் பக்கத்தில்கூட வரமாட்டார்.

கேள்வி: ஸ்பானிஷ் படம் முழுசாகக் கிடைக்கிறதா?

பதில்: கிடைக்கிறது. அமெரிக்கப் பிரதியில் ஒரு சுருள் கெட்டுப்போயிருந்தது. கியூபாவின் திரைப்படக் காப்பகத்தில் இருந்த பிரதிதான் கைகொடுத்தது. 2015இல், காப்பாற்றவேண்டிய படங்களின் பட்டியலான அமெரிக்க தேசியத் திரைப்படப் பதிவேட்டிலும் சேர்த்துவிட்டார்கள். அதற்கடுத்த ஆண்டு, 106 வயதில் லுபிதா காலமானார். 1930இல் அவர் நடித்த இன்னொரு ஸ்பானிஷ் திகில் படம் 'லா வொலுன்தாத் தெல் முயெர்த்தோ' தொலைந்தே போனது. அது எனக்குப் பெரிய வருத்தம்.

கேள்வி: எதிலிருந்து தொடங்கலாம்?

பதில்: ஸ்பானிஷ் டிராகுலா டிவிடியில் லுபிதாவே பேசும் சிறு அறிமுகம் இருக்கிறது. அதைப் பார்த்துவிட்டுப் படத்துக்குப் போங்கள். அப்புறம் ஆங்கிலப் படத்தைப் போட்டு, டிராகுலா கோட்டைப் படிக்கட்டில் முதன்முதலாகத் தோன்றும் காட்சியை இரண்டிலும் ஒப்பிடுங்கள்.